கால்அவுட் என்றால் என்ன? இணைய விளையாட்டில் அணியினரிடம் எதை, எப்போது, எப்படிச் சொல்வது

ஐந்து பேர் ஓர் அணியாகச் சேர்ந்து இணைய விளையாட்டொன்றில் இறங்கும்போது, அனைவரும் ஒரே களத்தில் நின்றாலும் அவர்களுடைய திரைகளில் விரிவது ஐந்து வெவ்வேறு காட்சிகள். ஒவ்வொருவருக்கும் தம் கதாபாத்திரம் பார்க்கும் திசை மட்டுமே தெரியும். முதுகுக்குப் பின்னால் நடப்பதும், சுவருக்கு அப்பால் நடப்பதும், மேப் எனப்படும் ஆட்டக்களத்தின் மறுகோடியில் நடப்பதும் தெரியாது. எதிரணிக்கும் இதே குறை உண்டு. ஆகையால் குறிபார்த்துச் சுடுவதிலும் கைவேகத்திலும் இரண்டு அணிகளும் ஏறக்குறையச் சமமாக இருக்கும்போது, ஐந்து திரைகளில் சிதறிக் கிடக்கும் செய்திகளை விரைவாக ஒன்றுசேர்த்துக்கொள்ளும் அணியே முந்துகிறது. அவ்வாறு செய்தியைக் கொண்டுசேர்க்கும் சிறு கூற்றைத்தான் ஆட்டக்காரர்கள் கால்அவுட் என்கிறார்கள்.

புதிதாக ஆட வருபவர்களில் பலர், அணியுடன் தொடர்புகொள்வது என்றால் மைக்கை இயக்கி ஓயாமல் பேசிக்கொண்டிருப்பது என்று எண்ணுகிறார்கள். வேறு பலர், தமக்குப் பேச்சு வராது என்று கருதி மைக்கைத் தொடுவதே இல்லை. நீங்கள் பார்த்த அல்லது கேட்ட ஒன்றை, அதை அறியாத சக ஆட்டக்காரரிடம், அவர் அதைக் கொண்டு ஏதேனும் செய்யக்கூடிய நேரத்துக்குள் சேர்த்துவிட்டால் அது கால்அவுட். அவர் ஏற்கெனவே பார்த்துவிட்டதைச் சொன்னாலும், காலம் கடந்து சொன்னாலும், கேட்டு என்ன செய்வது என்று விளங்காதபடி சொன்னாலும் அது வெறும் ஓசை. வாயால்தான் சொல்ல வேண்டும் என்ற கட்டாயமும் இல்லை. ஒரு பொத்தானை அழுத்தித் தரையில் குறியிடுவதும் முழுமையான கால்அவுட்டே.

ஒரு கால்அவுட்டில் இருக்க வேண்டியவை

புதியவர்களிடமிருந்து அடிக்கடி வருவது, "இங்கே இருக்கிறான், இங்கே, இங்கே!" என்ற கூச்சல். சொல்பவருடைய திரையில் எதிரி நட்டநடுவே நிற்பதால், அவருக்கு அது முழுமையான வாக்கியமாகத் தோன்றுகிறது. மேப்பின் மறுபக்கத்தில் நிற்பவருக்கோ, யாரோ ஒருவர் பதற்றத்தில் இருக்கிறார் என்பதற்கு மேல் ஒன்றும் விளங்குவதில்லை. "எனக்கு இடப்பக்கம்", "பெட்டிக்குப் பின்னால்" போன்றவையும் இதே வகைதான். இடமும் வலமும் நிற்கும் திசையைப் பொறுத்து மாறும். பெட்டிகளோ ஒரு மேப்பில் இருபது இருக்கலாம்.

இதனால்தான் மேப்பின் ஒவ்வொரு மூலைக்கும் பெயர் வைக்கும் வழக்கம் வந்தது. கவுண்டர்-ஸ்ட்ரைக் விளையாட்டில் 2001 முதல் ஆடப்பட்டுவரும் டஸ்ட் 2 மேப்பை எடுத்துக்கொண்டால், நீண்ட பாதைக்கு 'லாங்', குறுக்குப் பாதைக்கு 'ஷார்ட்', நடுப்பகுதிக்கு 'மிட்', சுரங்க வழிக்கு 'டனல்', லாங்கின் கோடியிலுள்ள பள்ளத்துக்கு 'பிட்' என்ற பெயர்கள் வெவ்வேறு நாட்டு ஆட்டக்காரர்களிடையே ஒன்றுபோல் வழங்குகின்றன. இத்தகைய பெயர்களில் சில, விளையாட்டை உருவாக்கியவர்கள் வைத்தவை. பல, ஆடுபவர்கள் சொல்லிச் சொல்லி நிலைத்தவை. கவுண்டர்-ஸ்ட்ரைக்கிலும், வாலரன்ட் என்ற சுடும் விளையாட்டிலும் நீங்கள் நிற்கும் பகுதியின் பெயர், மினிமேப் எனப்படும் திரையோரச் சிறு வரைபடத்தை ஒட்டி எழுத்தில் தெரியும் என்பதால், பெயர் நினைவுக்கு வராமல் திணறும்போது அதைப் பார்த்து அப்படியே படித்துவிடலாம். எல்லாப் பெயர்களையும் முதல் நாளே மனப்பாடம் செய்யத் தேவையில்லை. ஒரு மேப்புக்குப் பத்துப் பெயர்கள் தெரிந்தாலே பெரும்பாலான நிலைமைகளைச் சொல்லிவிட முடியும்.

மூலைக்கு மூலை பெயர் சூட்ட முடியாத அளவுக்குப் பரந்த மேப்புகளில் வேறொரு வழி தேவைப்பட்டது. பப்ஜி போன்ற விளையாட்டுகளில் திரையின் மேற்பகுதியில் திசைகாட்டி இருக்கிறது. அதில் 0 முதல் 360 வரையிலான பாகைகள் ஓடுகின்றன. "45-இல் ஒருவர், மரத்தடியில்" என்று சொன்னால் உடன் நிற்பவர் அதே எண்ணுக்குத் திரும்பிப் பார்த்துக்கொள்ளலாம். ஆனால் இந்த முறைக்கு ஒரு வரம்பு உண்டு, அதைப் பலரும் கவனிப்பதில்லை. பாகை என்பது சொல்பவர் நிற்கும் இடத்திலிருந்து அளந்தது. உங்களுக்கு நேர் வடக்கே 100 மீட்டரில் எதிரி நிற்கிறார், உங்கள் அணியைச் சேர்ந்தவர் உங்களுக்குக் கிழக்கே 100 மீட்டரில் நிற்கிறார் என்று வையுங்கள். உங்களுக்கு 0 பாகையில் தெரியும் எதிரி அவருக்கு 315 பாகையில், அதாவது வடமேற்கில் இருப்பார்; நீங்கள் சொன்ன எண்ணை நம்பி வடக்கே பார்த்தால் வெறும் புல்வெளிதான் தெரியும். எதிரி 1,000 மீட்டர் தொலைவில் இருந்தால் இந்த வேறுபாடு ஏறக்குறைய 6 பாகையாகச் சுருங்கிவிடும். எனவே அணி கூடி நிற்கும்போதும், எதிரி தொலைவில் இருக்கும்போதும் பாகை உதவும். அணி பிரிந்து நின்று எதிரி அருகில் இருக்கும்போது, கண்ணுக்குத் தெரியும் அடையாளத்தைச் சொல்வதோ மேப்பில் குறியிடுவதோ மேல்.

இடத்துக்கு அடுத்தவை எண்ணிக்கை, நிலை, போக்கு ஆகிய மூன்றும். எத்தனை பேர், எந்த அளவுக்குக் காயப்பட்டிருக்கிறார்கள், எந்தப் பக்கம் நகர்கிறார்கள் என்பவை அவை. "லாங், இரண்டு பேர், ஒருவர் லோ, ஏ சைட்டை நோக்கி வருகிறார்கள்" என்பது நான்கும் அடங்கிய கூற்று ('லோ' என்றால் உயிர் குறைவு; 'ஏ', 'பி' என்பவை குண்டு வைக்கும் இடங்கள்); இதைச் சொல்ல மூன்று நொடிகூட ஆகாது. இடத்தை முதலில் சொல்வதையே நான் பரிந்துரைப்பேன். கேட்பவர் இடப்பெயரைக் கேட்டவுடன் அந்தப் பக்கம் திரும்பத் தொடங்கிவிடுவார். மற்ற விவரங்கள் அவர் திரும்பும் நேரத்துக்குள் வந்து சேரும். பேச்சின் நடுவே நீங்களே வீழ்ந்துவிட்டாலும், மிக முக்கியமான செய்தி அதற்குள் போய்ச் சேர்ந்திருக்கும்.

காயத்தைச் சொல்வதில் ஒரு குழப்பம் அடிக்கடி நேர்கிறது. வாலரன்ட்டில் நீங்கள் வீழ்ந்தவுடன், யாருக்கு எவ்வளவு சேதம் கொடுத்தீர்கள் என்ற கணக்கு திரையில் தெரியும். அதைப் பார்த்து "84" என்று மட்டும் சொன்னால், 84 சேதம் கொடுத்ததாகவும் கொள்ளலாம், 84 உயிர் மீதியிருப்பதாகவும் கொள்ளலாம். இரண்டும் நேர்மாறான முடிவுகளுக்கு இட்டுச்செல்லும். மேலும் அந்த விளையாட்டில் 100 ஹெல்த்துக்கு, அதாவது உயிரளவுக்கு மேல், கனமான ஷீல்டு என்ற கவசம் வாங்கியவருக்கு 50 சேர்கிறது. ஆகவே 84 சேதம் பட்டவரிடம் ஷீல்டு இல்லையென்றால் மீதி 16; இருந்தால் மீதி 66. முன்னவர் எந்தத் துப்பாக்கியின் ஓரிரு குண்டிலும் சாய்ந்துவிடுவார், பின்னவர் நின்று சண்டையிடுவார். "84 அடித்தேன்" என்று வினைச்சொல்லைச் சேர்த்துச் சொன்னாலே பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும்.

எண்களைப் போலவே உறுதியின் அளவையும் சொல்ல வேண்டும். "பி காலி" என்பதும் "பி-இல் நான் யாரையும் பார்க்கவில்லை" என்பதும் ஒன்றல்ல. முதலாவதைக் கேட்ட அணி, பி பகுதியைக் கவனிப்பதை விட்டுவிட்டு நால்வராக ஏ-க்கு ஓடும். பி-இன் ஒரு மூலையில் ஒருவர் பதுங்கியிருந்தால் அந்த நால்வரும் முதுகில் சுடப்படுவார்கள். கண்ணால் கண்டதா, காலடி ஓசையைக் கேட்டதா, ஊகமா என்பதை ஒரு சொல்லில் உணர்த்திவிட்டால் கேட்பவர் அதற்கேற்ப நம்புவார். அதே சமயம், யாரும் இல்லை என்பதும் ஒரு செய்திதான் என்பதை மறந்துவிடக் கூடாது. எதிரியைக் கண்டால் கத்துபவர்கள், அரை நிமிடமாகத் தம் பக்கம் யாரும் வரவில்லை என்பதைச் சொல்வதே இல்லை. ஐந்து எதிரிகளும் வேறெங்கோ சேர்கிறார்கள் என்பதற்கான முதல் அறிகுறி பெரும்பாலும் அந்தச் சொல்லப்படாத அமைதியில்தான் இருக்கும்.

செய்தியின் ஆயுள்

எதிரி நகர்ந்துகொண்டே இருப்பவர். அவர் லாங்கில் நிற்கிறார் என்ற செய்தி ஐந்து நொடிகளுக்குப் பிறகு, அவர் லாங்கில் நின்றார் என்பதாகச் சுருங்கிவிடுகிறது. கூற்றைச் சுருக்கமாக்க வேண்டும் என்று அனுபவமுள்ளவர்கள் வற்புறுத்துவதற்கு இதுவே காரணம். சண்டையில் எப்படி மாட்டிக்கொண்டீர்கள், துப்பாக்கி எப்படி ஏமாற்றியது என்ற கதையைச் சொல்லி முடித்துவிட்டுக் கடைசியில் இடத்தைச் சொன்னால், அந்த இடம் காலாவதியாகியிருக்கும். தாமதமாகச் சொல்ல நேர்ந்தால் "பத்து நொடிக்கு முன்பு மிட்டில் பார்த்தேன்" என்று நேரத்தைச் சேர்த்துச் சொல்வது நேர்மையானது. கேட்பவர் அதற்குள் எதிரி எவ்வளவு தூரம் போயிருக்க முடியும் என்று தாமே கணக்கிட்டுக்கொள்வார்.

சில விளையாட்டுகளில் நேரமே மையச் செய்தியாகிவிடுகிறது. கவுண்டர்-ஸ்ட்ரைக்கின் போட்டி ஆட்டங்களில், வைக்கப்பட்ட குண்டு 40 நொடிகளில் வெடிக்கும். அதைச் செயலிழக்கச் செய்ய, 'கிட்' எனப்படும் கருவி இல்லாதவருக்கு 10 நொடியும், கருவி உள்ளவருக்கு 5 நொடியும் தேவை. குண்டு வெடிக்க 8 நொடி இருக்கும்போது கருவி இல்லாதவர் அதன் மேல் குனிவதால் பயனில்லை. கருவி உள்ளவருக்கோ இன்னும் 3 நொடி மிச்சமிருக்கிறது. ஆகவே "என்னிடம் கிட் இருக்கிறது" என்ற மூன்று சொற்கள், எதிரியின் இருப்பிடத்தைவிட அந்த நேரத்தில் மதிப்பு மிக்கவை. யார் சண்டையிடுவது, யார் குண்டருகே ஓடுவது என்பதை அவையே தீர்மானிக்கின்றன.

நீண்ட ஆயுள் கொண்ட செய்திகளும் உண்டு. லீக் ஆஃப் லெஜண்ட்ஸில் ஆபத்திலிருந்து தாவித் தப்பிக்கப் பயன்படும் ஃபிளாஷ் என்ற திறனை ஒருமுறை பயன்படுத்தினால், அது மீண்டும் கிடைக்க அடிப்படையாக 300 நொடிகள் ஆகும். எதிரணியின் நடுப்பாதை ஆட்டக்காரர் ஆட்டத்தின் 9:20-இல் அதைப் பயன்படுத்திவிட்டால், ஏறக்குறைய 14:20 வரை அவரைப் பிடிப்பது எளிது. இதை வாயால் சொன்னால் இரண்டு நிமிடத்தில் எல்லோரும் மறந்துவிடுவார்கள். "மிட் ஃபிளாஷ் 14:20" என்று எழுத்தில் இட்டால் அது சாட்டில் நின்றுகொண்டிருக்கும், வேண்டியவர் மேலே தள்ளிப் பார்த்துக்கொள்வார். எந்தச் செய்தியை எந்த வழியில் அனுப்புவது என்ற கேள்விக்கு எனக்குத் தெரிந்த மிக எளிய விடை இதுதான்: நொடிகளில் கெட்டுப்போவதைக் குரலிலோ பிங்கிலோ (பொத்தானை அழுத்தி இடும் குறியிலோ) சொல்லுங்கள், நிமிடங்களுக்கு நிலைப்பதை எழுதுங்கள். தட்டச்சு செய்யும் நேரத்தில் உங்கள் கதாபாத்திரம் அசையாமல் நிற்கும் என்பதால், எழுதுவதைப் பாதுகாப்பான இடத்துக்கு வந்தபின் வைத்துக்கொள்வது நல்லது.

பிங்: பேசாமல் பேசுவது

மைக் இல்லாதவருக்கும், மொழி பொதுவாக இல்லாத அணிக்கும் பிங்தான் உயிர்நாடி. திரையில் ஓரிடத்தைக் குறிபார்த்து ஒரு பொத்தானை அழுத்தினால், அந்த இடத்தில் அணியினர் அனைவருக்கும் தெரியும்படி ஒரு குறி தோன்றும். லீக் ஆஃப் லெஜண்ட்ஸ், டோட்டா 2 போன்றவற்றில் இது நெடுநாளாக இருந்தாலும், சுடும் விளையாட்டுகளில் பிங் எவ்வளவு தூரம் போக முடியும் என்பதைப் பரவலாக உணர்த்தியது 2019 பிப்ரவரியில் வெளியான ஏபெக்ஸ் லெஜண்ட்ஸ். மூன்று பேர் கொண்ட அணிகளாக ஆடப்படும் அதில், கணினியில் மவுஸின் நடுப்பொத்தானை ஒருமுறை அழுத்தினால் அங்கே போகலாம் என்றும், இருமுறை அழுத்தினால் அங்கே எதிரி என்றும் பொருள். கீழே கிடக்கும் ஆயுதத்தைக் குறிபார்த்து அழுத்தினால் அதன் பெயரை உங்கள் கதாபாத்திரமே குரலில் சொல்லும். மற்றவர் அதை எனக்கு வையுங்கள் என்று இன்னொரு அழுத்தலில் பதில் தரலாம். குறி அந்த இடத்திலேயே நின்று ஒவ்வொருவர் திரையிலும் தெரிவதால் சற்று முன் பார்த்த பாகைச் சிக்கலும் இங்கே எழுவதில்லை. முன்பின் அறியாத மூவர் ஒரு சொல்லும் பேசாமல் ஆட்டத்தை வென்று முடிக்க முடிகிறது. இந்த அமைப்புக்கான காப்புரிமையைப் பிற நிறுவனங்களும் கட்டணமின்றிப் பயன்படுத்திக்கொள்ளலாம் என்று, அணுகல் வசதிக்கான வேறு சில காப்புரிமைகளோடு சேர்த்து, 2021 ஆகஸ்டில் அந்த விளையாட்டை வெளியிட்ட எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் அறிவித்தது.

பிங்கோடு ஒட்டிப் பிறந்தவை முன்பே எழுதி வைக்கப்பட்ட குறுந்தொடர்கள். டோட்டா 2-இன் சாட் வீலில் ஒரு தொடரைத் தேர்ந்தெடுத்தால், அதைப் பெறுபவர் விளையாட்டை எந்த மொழியில் வைத்திருக்கிறாரோ அந்த மொழியில் அது தோன்றுகிறது. சில விளையாட்டுகள் இன்னும் ஒருபடி மேலே போய், ஆட்டக்காரர் எதையும் அழுத்தாமலே கதாபாத்திரத்தைப் பேச வைக்கின்றன. 2008-இல் வந்த லெஃப்ட் 4 டெட்டில் துப்பாக்கியில் தோட்டா நிரப்பும்போது கதாபாத்திரமே அதைக் கூவிச் சொல்லிவிடும். அவ்வாறு விளையாட்டே சொல்லிவிடும் ஒன்றை நீங்கள் மறுபடி மைக்கில் சொல்லத் தேவையில்லை.

பிங்கை அளவுக்கு மிஞ்சி அழுத்துவது குரலில் கத்துவதற்குச் சமம். ஓர் இடத்தில் ஒரு குறி கண்ணை ஈர்க்கும். பதினைந்து குறிகள் அந்த இடத்தையே மறைக்கும்.

பேசாமல் இருக்க வேண்டிய நேரம்

காலடி ஓசை, தோட்டா மாற்றும் ஓசை, கதவு திறக்கும் ஓசை ஆகியவை எதிரியின் இருப்பிடத்தைக் காட்டிக்கொடுப்பவை. உங்கள் குரல் அதே காதுகளுக்குள்தான் போகிறது. எனவே பேச்சுக்கு எப்போதும் ஒரு விலை உண்டு: நீங்கள் பேசும் நேரத்தில் அணியினர் ஆட்டத்தைக் கேட்பது குறைகிறது. இது மிகக் கடுமையாக உறைப்பது, அணியில் ஒருவர் மட்டும் உயிரோடிருந்து பலரை எதிர்கொள்ளும் தருணத்தில். வீழ்ந்த நால்வரும் அவருடைய திரையையே பார்த்துக்கொண்டிருப்பார்கள். "பின்னால் பார், பின்னால் பார்", "இல்லை, ஷார்ட்டுக்குப் போ", "வெடிக்கப்போகிறது, ஓடு" என்று நான்கு குரல்கள் ஒரே சமயத்தில் எழும். அவருக்குத் தேவையானது ஒரே ஒரு காலடி ஓசை, அது இந்த இரைச்சலில் மூழ்கிவிடும்.

இதற்கு நல்ல அணிகள் கடைப்பிடிக்கும் முறை எளிமையானது. வீழ்ந்தவர், தமக்குத் தெரிந்து உயிரோடிருப்பவருக்குத் தெரியாத ஒன்று இருந்தால், அதை ஒருமுறை சொல்லிவிட்டு மைக்கை அணைத்துக்கொள்கிறார். உயிரோடிருப்பவர் திரையில் தெரிவதைத் திரும்ப அவருக்கே சொல்வதில்லை. என்ன செய்ய வேண்டும் என்று அவர் கேட்டால் ஒருவர் மட்டும் பதில் சொல்கிறார். அறிமுகமில்லாத அணியில் இதை எதிர்பார்க்க முடியாது என்பது உண்மைதான். ஆயினும் நீங்கள் ஒருவர் மௌனமானால் நான்கு குரல் மூன்றாகும்.

செய்தி பரிமாறுவதை ஆட்ட விதியே தடுக்கும் விளையாட்டுகளும் உண்டு. 2018-இல் வெளியான அமங் அஸ்-இல், கூட்டம் கூடும்போது மட்டுமே விவாதம். இறந்தவர்கள் உயிரோடிருப்பவர்களிடம் எதையும் சொல்லக் கூடாது. யார் குற்றவாளி என்று கண்டுபிடிப்பதே ஆட்டம் என்பதால், அங்கே இடைவிடாத கால்அவுட் ஆட்டத்தையே அழித்துவிடும். நண்பர்களுடன் தனியாக வாய்ஸ் சாட்டில் இணைந்து ஆடுபவர்கள், தாம் ஆடும் விளையாட்டு எதை அனுமதிக்கிறது என்று முதலில் தெரிந்துகொள்வது முறை.

உங்களைப் பற்றிய செய்தி

எதிரியைப் பற்றியே பேசிப் பழகியவர்கள் மறந்துவிடுவது, தாம் அடுத்து என்ன செய்யப்போகிறோம் என்பதை. சொல்வதற்கு மிக எளியதும், தவறாகிவிட வாய்ப்பில்லாததும் இதுதான். உங்கள் எண்ணம் உங்களுக்கு உறுதியாகத் தெரியும். கார்களால் பந்தடித்துக் கோல் போடும் ராக்கெட் லீக்கில் பந்தை நோக்கி ஓரணியின் இரு கார்கள் ஒரே சமயத்தில் பாய்ந்து மோதிக்கொள்வது தொடக்கநிலையில் தினமும் நடப்பது. "ஐ காட் இட்" என்ற குறுந்தொடரை ஒருவர் அழுத்தியிருந்தால் மற்றவர் பின்வாங்கிக் கோலைக் காத்திருப்பார். ஓவர்வாட்ச்சில், நெடுநேரம் சேர்த்துவைத்த பெருந்திறனை இருவர் ஒரே நொடியில் ஒரே எதிரிகள் மேல் செலவிட்டால் ஒன்று வீண். "எனக்கு 90 சதவீதம் சேர்ந்துவிட்டது, அடுத்த சண்டையில் நான் முதலில்" என்று சொன்னால் இரண்டும் பயன்படும். "நான் பின்வாங்குகிறேன்", "தோட்டா மாற்றுகிறேன்", "நீங்கள் போனால் நானும் வருகிறேன்" ஆகியவையெல்லாம் இந்த வகையைச் சேர்ந்தவை.

திட்டம் பேசுவதற்கென்றே சில விளையாட்டுகளில் இடைவெளி இருக்கிறது. வாலரன்ட்டில் பெரும்பாலான ரவுண்டுகளுக்கு முன் ஆயுதம் வாங்கத் தரப்படும் 30 நொடி அத்தகையது. ரவுண்டு தொடங்கியபின் விவாதம் கிளப்புவதைவிட, அந்த 30 நொடியில் "இந்த முறை எல்லோரும் சேர்ந்து பி போகலாமா?" என்று கேட்டுவிடுவது நல்லது. ஆணையிடுவதைவிடக் கேட்பதற்கு அதிகம் இசைகிறார்கள் என்பது அந்நியர்களுடன் ஆடிய எவரும் அறிந்ததே. தொழில்முறை அணிகளில் ஐஜிஎல் எனப்படும் களத்தலைவர் ஒருவர் இந்த முடிவுகளை எடுப்பார்; மற்றவர்கள் செய்தியை அவரிடம் சேர்ப்பார்கள். அறிமுகமற்றவர்களின் அணியில் அப்படி ஒருவர் இல்லாதபோது, யாரேனும் முதலில் முன்வைக்கும் சுமாரான திட்டத்துக்கு எல்லோரும் இசைவது, ஐவரும் ஐந்து சிறந்த திட்டங்களை வைத்துக்கொண்டு ஐந்து பக்கம் போவதைவிட நல்ல பலன் தரும் என்பது என் கருத்து.

தொனியும் மியூட் பொத்தானும்

உதவிக்கென்று வைத்த தொடர் எதுவும் ஏளனத்துக்குத் திருப்பப்படலாம். கோலை அருமையாகத் தடுத்தவரைப் பாராட்ட ராக்கெட் லீக்கில் வைக்கப்பட்ட "வாட் எ சேவ்", பந்தைக் கோட்டைவிட்டவரைக் குத்துவதற்கே மிகுதியாகப் பயன்பட்டுப் பெயர் பெற்றுவிட்டது. லீக் ஆஃப் லெஜண்ட்ஸில் எதிரியைக் காணவில்லை என்று எச்சரிக்கும் கேள்விக்குறி பிங்கும், தவறு செய்த சக ஆட்டக்காரரின் தலைமேல் குத்தப்படுவதற்குப் பேர்போனது. அதே விளையாட்டில் எதிரணியோடு பேசும் பொதுச் சாட்டை, வசவுகள் மிகுந்ததால் 2021-இல் அதை உருவாக்கிய ரயட் நிறுவனம் பொது ஆட்டங்களில் நிறுத்தியது.

ஒருவரைத் திட்டுவதிலுள்ள சிக்கல் நயத்தக்க நாகரிகத்தோடு நின்றுவிடுவதில்லை. திட்டுவது என்பது நடந்து முடிந்ததைப் பற்றிய பேச்சு. மேலே சொன்ன ஆயுள் கணக்கின்படி அதற்கு மதிப்பே இல்லை. அதோடு, திட்டு வாங்கியவர் மைக்கை அணைத்துவிடுவார், அல்லது உங்களை மியூட் செய்துவிடுவார். அந்தக் கணம் முதல் அவருடைய திரையில் தெரியும் எதுவும் உங்களுக்கு வந்து சேராது.

நீங்கள் வசவுக்கு ஆளானால் தயங்காமல் மியூட் செய்யுங்கள். பல விளையாட்டுகளில் ஒருவருடைய குரல், எழுத்து, பிங் ஆகியவற்றைத் தனித்தனியே அணைக்க முடியும். எது தொல்லை தருகிறதோ அதை மட்டும் அணைத்தால், அவர் குறியிடும் எதிரியின் இடம் தொடர்ந்து தெரிந்துகொண்டிருக்கும். ஆட்டம் முடிந்தபின் ரிப்போர்ட் செய்வது, அதாவது நிறுவனத்திடம் புகார் தருவது, வேறு வேலை. ஆட்டத்தின் நடுவே "உன்னை ரிப்போர்ட் செய்கிறேன்" என்று அறிவிப்பதால் எதுவும் சரியாவதில்லை.

குரல் ஒருவருடைய வயதையும் பாலினத்தையும் காட்டிக்கொடுத்துவிடுவதால் மைக்கைத் திறக்க விரும்பாதவர்கள் கணிசமாக உள்ளனர். ஏன் பேசவில்லை என்று அவர்களைத் துருவ வேண்டாம். அவர்கள் இடும் பிங்குக்கு நீங்கள் செவிசாய்த்தால் போதும். காது கேளாதவர்களுக்கும் பேச இயலாதவர்களுக்கும் உதவும் வகையில், குரலை எழுத்தாக்கும் வசதியும் எழுத்தைக் குரலாக்கும் வசதியும் இப்போது பல விளையாட்டுகளின் அமைப்புகளில் உண்டு. அமெரிக்காவில் 2010-ஆம் ஆண்டின் தகவல்தொடர்பு அணுகல் சட்டத்திலிருந்து விளையாட்டுகளுக்கு அளிக்கப்பட்டிருந்த விலக்கு 2018 இறுதியில் முடிவுக்கு வந்ததும் இதற்கு ஒரு காரணம்.

சிறுவர்களுக்கும் அவர்களுடைய பெற்றோருக்கும் ஒன்று: அணியினரோடு பேசுவதற்கு உங்கள் முழுப்பெயரோ, படிக்கும் இடமோ, தொலைபேசி எண்ணோ, கடவுச்சொல்லோ, கைப்பேசிக்கு வந்த எண்குறியோ ஒருபோதும் தேவைப்படாது. அவற்றைக் கேட்பவர் ஆட்டத்துக்காகக் கேட்கவில்லை.

மைக்கும் பயிற்சியும்

ஒரு விசையை அழுத்திக்கொண்டிருக்கும்போது மட்டும் மைக் இயங்கும் முறையைப் புஷ்-டு-டாக் என்பார்கள். குரல் எழுந்தவுடன் தானே இயங்குவது இன்னொரு முறை. தொடக்கநிலையில் முதலாவதே நல்லது. மின்விசிறி, விசைப்பலகை, வீட்டிலுள்ளோர் பேச்சு எதுவும் அணிக்குப் போகாது. அதில் ஒரு நுணுக்கம் உண்டு: விசையை அழுத்துவதும் பேசத் தொடங்குவதும் ஒரே நொடியில் நடந்தால் முதல் அசை வெட்டுப்பட்டுவிடும், அந்த முதல் சொல்தான் இடப்பெயர். அழுத்திவிட்டு, ஒரு சிறு இடைவெளி விட்டு, பேசி, முடித்தபின் விடுங்கள். ஒலிபெருக்கியில் ஆட்டத்தைக் கேட்டுக்கொண்டு பேசினால், அதன் ஒலி மைக் வழியே திரும்பிப் போய் அணியினருக்கு அவர்களுடைய குரலே எதிரொலிக்கும். மலிவான இயர்போன்கூட இதைத் தீர்த்துவிடும். அமைப்புகளில் மைக் சோதனை இருந்தால், அணியினர் காதில் நீங்கள் எப்படி ஒலிக்கிறீர்கள் என்பதை ஒருமுறை கேட்டுவிடுங்கள்.

பேசத் தயங்குபவர்கள், மைக்கை அணைத்துவைத்துக்கொண்டே சில ஆட்டங்களில் கால்அவுட்டுகளைத் தமக்குத் தாமே உரக்கச் சொல்லிப் பார்க்கலாம். தவறினாலும் கேட்பவர் இல்லை. இடப்பெயர்கள் நாவில் படியும். அணியில் ஒருவருக்கு உங்கள் மொழி தெரியாவிட்டாலும் இடப்பெயரும் எண்ணும் இருந்தாலே பெரும்பகுதி போய்ச் சேர்ந்துவிடும் என்பதால், அவற்றைப் பழகினாலே போதும், இலக்கணத்தைப் பற்றிக் கவலை வேண்டாம். நண்பர் ஒருவர் கிடைத்தால், 2015-இல் வெளியான கீப் டாக்கிங் அண்ட் நோபடி எக்ஸ்புளோட்ஸ் என்ற விளையாட்டை ஆடிப்பாருங்கள். ஒருவர் திரையில் வெடிகுண்டு இருக்கும், ஆனால் அதைச் செயலிழக்கச் செய்யும் கையேடு அவரிடம் இருக்காது. கையேட்டை வைத்திருப்பவருக்குக் குண்டு தெரியாது. எந்தக் கம்பி, எத்தனையாவது, என்ன நிறம் என்று ஒருவர் சொல்ல, மற்றவர் தேடிப் பதில் தர வேண்டும். சுடும் திறன் அதில் துளியும் தேவையில்லாததால், தோற்றால் எந்தக் கூற்றில் தோற்றீர்கள் என்பது உடனே தெரிந்துவிடும். அடுத்த சுற்றில் இருவரும் இடம் மாற்றிக்கொண்டு, கேட்பவராக இருக்கும்போது எந்த விவரம் முதலில் தேவைப்படுகிறது என்பதையும் பார்த்துவிடலாம்.